கறுப்பு வேட்டியில் வெள்ளைத் துகள்

வாஷிங் மெஷின் மூடியைத் திறந்ததும், மில்லை விட்டு இன்னும் வீட்டுக்கே வரவில்லையோ என்றுதான் மாரிக்கனிக்குத் தோன்றியது.

உள்ளே எல்லாம் வெள்ளை. அவளுடைய பச்சைச் சேலை, பாவாடை, மில்லுக்குப் போட்டுப் போகும் நீலக் கோட்டு, எல்லாவற்றுக்கும் மேலாகப் புருஷனின் கறுப்பு வேட்டி, கறுப்புச் சட்டை, கறுப்புத் துண்டு. அத்தனையிலும் பொடிப்பொடியாக ஏதோ அப்பிக் கிடந்தது. தேங்காயைத் துருவி யாரோ மேலே தூவிவிட்டது போல இருந்தது.

நாலரைக்கு எழுந்து, ஆறு மணி ஷிப்டுக்குப் போய், இரண்டு மணி வரை நின்ற காலில் நின்றுவிட்டு வந்தவள். தலைமுடியில், புருவத்தில், காது மடலில் பஞ்சு. அதைக் கழுவ இன்னும் நேரம் வாய்க்கவில்லை. அதற்குள் வீட்டிலும் வெள்ளை. பட்ட காலிலே படும் என்று சும்மாவா சொன்னார்கள்?

இந்தக் குடும்பத்தைத் தொடர்ந்து பார்த்து வருகிறவர்களுக்குத் தெரியும். இன்றுதான் வந்து சேர்ந்தவர்கள் இவ்வளவு தெரிந்துகொண்டால் போதும். மாரிக்கனியின் புருஷன் வேல்பாண்டி ராஜபாளையத்தில் சொந்தமாக வேன் வைத்து ஓட்டுகிறவர். பதினேழு வருஷமாக ஐயப்பனுக்கு மாலை போட்டு, பதினாலு சாமிகளைத் தன் வேனிலேயே சபரிமலைக்குக் கூட்டிப் போய்வருகிற குருசாமி. இது பதினெட்டாம் வருஷம். பதினெட்டு முடிக்கிறவர் மலையில் தென்னங்கன்று வைக்க வேண்டும். கன்று மூன்று நாளாக முற்றத்து மூலையில், மஞ்சள் துணி சுற்றித் தயாராக இருக்கிறது.

அவருக்கும் ஒரே மகன் சோலைராஜுக்கும் பேச்சு இல்லாமல் போய் இரண்டு வருஷம். தளவாய்புரம் விலக்கில் ஒரு சாயங்காலம் வேன் ஓடையில் இறங்கியது. யாருக்கும் பெரிய அடியில்லை. ஆனால் வண்டியில் வந்தவர்கள் எல்லோர் முன்னாலும் மகன், “ஒங்களுக்குக் கண்ணு தெரியலப்பா. இனி நீங்க ஓட்டாதீங்க” என்று சொல்லிவிட்டான். “என் கண்ணைச் சொன்ன வாயோட என் வாசலை மிதிக்காத. நம்ம வீட்டு ஆளு ஒருத்தரும் இனி ஒன் வாசலை மிதிக்க மாட்டாக” என்றார் அப்பா. மகன் பெண்டாட்டி மாரிச்செல்வியைக் கூட்டிக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூருக்குக் குடிபோய்விட்டான். இந்த வாஷிங் மெஷின் அவன் முதல் சம்பளத்தில் வாங்கிப் போட்டது.

அந்த மெஷினுக்குள் சாமியின் துணி போனதே தப்பு. மாலை போட்ட நாளிலிருந்து வேல்பாண்டி தன் கறுப்புத் துணிகளைத் தானே குழாயடியில் அலசிக் காயப்போடுவார். வீட்டுத் துணியோடு அவை சேரக்கூடாது. இன்றைக்குப் பார்த்து வேனை மெக்கானிக் ஷெட்டுக்குக் கொண்டுபோக வேண்டியிருந்தது. “மாளிகைப்புறம், இன்னிக்கு மட்டும் தனியா அலசிப் போட்டுருங்க” என்று சொல்லிவிட்டுப் போனார். மாலை போட்டிருக்கும் நாளில் பெண்டாட்டியையும் அப்படித்தான் கூப்பிட வேண்டும். மற்ற நாளில் ‘ஏட்டி’தான்.

தனியாக அலசத்தான் வாளியில் போட்டாள். குனிந்தாள். இடுப்பு பிடித்துக்கொண்டது. யாருக்குத் தெரியப் போகிறது என்று எல்லாவற்றையும் அள்ளி மெஷினில் போட்டுப் பொத்தானை அமுக்கிவிட்டு, கட்டிலில் செத்த நேரம் சாய்ந்தாள். அதற்குச் சாமி கையோடு கூலி கொடுத்துவிட்டது என்றுதான் அவள் நினைத்தாள்.

மணி மூன்றரை. ஆறு மணிக்கு இருமுடி கட்டு.

ஒரு துணுக்கை எடுத்து விரலில் நசுக்கிப் பார்த்தாள். முப்பது வருஷம் பஞ்சைப் பார்த்தவளுக்குப் பஞ்சா இல்லையா என்று தெரியாதா? பஞ்சு இழுத்தால் இழையாக வரும். இது மாவாகப் போனது. காகிதம். டிஷ்யூ பேப்பர்.

யார் பையில்? அவள் கோட்டில் பையே கிடையாது. கறுப்புச் சட்டையின் மேல்பையில் விரலை விட்டாள். அடியில் கொழுக்கட்டை போல ஒரு உருண்டை அகப்பட்டது. ஊறி, பாதி கரைந்து, மீதி இருந்தது.

வேல்பாண்டி டிஷ்யூவால் வாய் துடைக்கிற ஆளா? கல்யாணப் பந்தியில் வைத்தால்கூட “இது எதுக்கு” என்று இலைக்கடியில் தள்ளிவிட்டுத் தோளில் கிடக்கும் துண்டால் துடைக்கிறவர். அவருக்கு இது எங்கிருந்து வந்தது?

யோசிக்க நேரமில்லை. வேட்டியை உதறினாள். ஈரத்தில் ஒன்றுகூட விழவில்லை. கையால் தேய்த்தாள், இழுத்த பக்கமெல்லாம் இன்னும் பரவி ஒட்டியது. முதல் கோணல் முற்றும் கோணல் என்பது இதுதான்.

பக்கத்து வீட்டு சுந்தரம்மாள் சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தாள். தளவாய்புரத்திலிருந்து துணி எடுத்து வந்து வீட்டிலேயே நைட்டி தைத்துக் கொடுக்கிறவள்.

“என்ன மதினி, சாமி வேட்டியில சோத்தைக் கொட்டிட்டிகளா?”

“பையில பேப்பர் கெடந்திருக்கு. பாக்காமப் போட்டுட்டேன்.”

“ஈரத்தோட தேய்க்காதிய. தேய்க்கத் தேய்க்க உள்ள போவும். நல்லாக் காயவிட்டு உதறுங்க, பாதி போயிரும். மீதிக்கு நான் ஒண்ணு தாரேன்.”

“புதுசு ஒண்ணு வாங்கிரலாமான்னு பாத்தேன்.”

“கோடித் துணியை நனைக்காம இருமுடிக்குக் கட்டுவாகளா அண்ணாச்சி?”

கட்ட மாட்டார். வாங்கி, நனைத்து, மார்கழி வெயிலில் காயப்போட்டு எடுப்பதற்குள் வேன் செங்கோட்டையைத் தாண்டிவிடும். மாற்றுத் துணி இன்னொன்று அவர் உடம்பில் இருக்கிறது. அது மெக்கானிக் ஷெட்டில் என்ன கதியாகியிருக்கிறதோ.

மாடியில் கொடி கட்டி, காற்று வரும் பக்கம் பார்த்துப் போட்டாள். மேற்கே அய்யனார் கோவில் மலைப் பக்கமிருந்து வந்த காற்று இன்றைக்கு ஏதோ தயவாக வீசியது. நாலரைக்கு வேட்டி ஒருமாதிரி காய்ந்துவிட்டது. கைப்பிடிச் சுவரில் ஓங்கி ஓங்கி உதறினாள். வெள்ளைத் துகள் பறந்து அவள் முகத்திலேயே வந்து விழுந்தது. மில்லில் என்றால் ஷிப்டு முடிகிறபோது காற்றுக் குழாயைப் பிடித்து உடம்பெல்லாம் ஊதிக்கொள்வார்கள். பிடிக்கக்கூடாது என்று போர்டு எழுதி வைத்திருக்கும், அதற்குக் கீழே நின்றே பிடிப்பார்கள். வீட்டில் அதற்கு எங்கே போவது?

சுந்தரம்மாள் நைட்டி பார்சல் ஒட்டும் அகல டேப்பைக் கொண்டுவந்தாள். பசைப் பக்கம் வெளியே தெரிய உள்ளங்கையில் சுற்றிக்கொண்டு, துணியில் வைத்து வைத்து எடுக்க வேண்டும். நாலு தடவை வைத்தால் டேப் வெளுத்துவிடும். கழற்றி எறிந்துவிட்டு மறுபடி சுற்ற வேண்டும்.

இருவருமாக ஒரு மணி நேரம் ஒற்றினார்கள். சட்டை தேறியது. வேட்டியில் மேல்பாதி தேறியது. கீழ்ப்பாதியும் துண்டும் அப்படியே கிடந்தன. டேப் தீர்ந்துபோனது.

“நகத்தால பெறக்கணும், வேற வழியில்ல” என்றாள் சுந்தரம்மாள். “எனக்கு நாப்பது நைட்டி கெடக்கு மதினி. கோவிச்சுக்கிடாதிய.”

மாரிக்கனி யாரைக் கோபிக்கப் போகிறாள். கோபிக்கவும் ஒரு தெம்பு வேண்டுமே. மாடிப்படியில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிடுங்கினாள். கண் சொக்கியது. நாளைக்கும் ஆறு மணி ஷிப்டு.

கீழே வேன் வந்து நிற்கிற சத்தம். வேன் கதவு அடைபட்டது, வாசற்படியைக் காலால் தடவித் தடவி ஏறுகிற சத்தமும் கேட்டது. இந்தச் சத்தம் ஆறேழு மாதமாகவே கேட்கிறது. முழங்கால் வலி என்று சொல்லியிருந்தார். அவளும் நம்பியிருந்தாள்.

குளித்துவிட்டு ஈரத் துண்டோடு நின்ற வேல்பாண்டியிடம் வேட்டியைக் கொண்டுபோனாள். மன்னிப்புக் கேட்கத்தான் போனாள். வாயில் வார்த்தையைக்கூடத் தயாராக வைத்திருந்தாள்.

“சாமி, வேட்டியில—”

அவர் வாங்கி, ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரே விரித்துப் பிடித்தார். மேலும் கீழும் பார்த்தார். தடவினார்.

“நல்லா வெளுத்திருக்கு மாளிகைப்புறம். சுத்தமா இருக்கு.”

கட்டிக்கொண்டார். வெள்ளை அப்பிய கீழ்ப்பாதி முன்பக்கம் வந்தது. முழங்காலிலிருந்து கணுக்கால் வரை, பத்தடி தூரத்திலிருந்து பார்த்தாலும் தெரியும்.

மாரிக்கனி அந்த வெள்ளையையே பார்த்தாள். தன்னை நோகடிக்க வேண்டாமென்று தெரியாதது போல் இருக்கிறாரோ? மாலை போட்டவர், கோபம் கூடாது. அப்படித்தான் இருக்கும் என்று ஒரு மனசு சொன்னது. இன்னொரு மனசு, காலால் தடவி ஏறுகிற படியை நினைத்துக்கொண்டது.

துண்டை எடுத்து நீட்டினாள். அதில் ஒரு துணுக்கைக்கூட அவள் எடுத்திருக்கவில்லை. கறுப்பே தெரியாத அளவுக்கு வெள்ளை.

“இதுல அழுக்கு ஏதும் இருக்கா பாருங்க சாமி.”

பார்த்தார். முகத்துக்குக் கிட்டத்தில் கொண்டுபோனார்.

“இல்லையே.”

அவள் துண்டைத் திரும்ப வாங்கவில்லை.

“சாமி, மாலையோட நிக்கிறீக. பொய் சொல்லக்கூடாது. இந்தத் துண்டுல என்ன ஒட்டியிருக்கு? சொல்லுங்க.”

வேல்பாண்டி துண்டை விரலால் தடவினார். ஓரிடத்தில் விரல் நின்றது. மறுபடி தடவினார். பிறகு மெதுவாகக் கட்டிலில் உட்கார்ந்தார்.

“பஞ்சா?” என்றார்.

“பஞ்சு இல்ல. ஒங்க சட்டைப் பையில இருந்த பேப்பரு. எங்க குடுத்த பேப்பரு அது?”

நாற்பத்தொரு நாள் விரதம் இருந்த வாய். அதற்குப் பொய் வரவில்லை.

“நேத்து ஸ்ரீவில்லிபுத்தூர் போனேன், கண்ணாஸ்பத்திரிக்கு. சொட்டு மருந்து மூணு தடவ ஊத்துனாக. வழியிறதைத் தொடைச்சுக்கிடச் சொல்லி அந்தப் பேப்பரக் குடுத்தாக. பையில வச்சது மறந்துபோச்சு.”

“டாக்டரு என்ன சொன்னாரு?”

“எடது கண்ணுல நெழலுதான். அழுத்தமாம். அது இனி வராதாம். வலது கண்ணுல பொரை. அத எடுத்தா தெளிஞ்சிருமாம். மலைக்குப் போயிட்டு வந்து எடுத்துக்கிடுதேன்னு சொல்லிட்டு வந்துட்டேன்.”

“வண்டி ஓட்டலாம்னாரா?”

வேல்பாண்டி துண்டை மடித்தார்.

“சாமி, ஓட்டலாம்னாரா?”

“ஓட்டக்கூடாதுன்னாரு.”

மாரிக்கனிக்குக் கோபம் வரவில்லை. கோபம் வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். ஒரே வீட்டில், அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் பாய் விரித்துப் படுக்கிறவளுக்கு இது தெரியவில்லையே என்று வெட்கமாக இருந்தது. ஷிப்டு, சமையல், தூக்கம், ஷிப்டு. புருஷன் முகத்தை நின்று பார்த்து எத்தனை மாதம் ஆயிற்று?

“சொல்லிருவோம் அவியட்ட. வேற டிரைவரப் பாக்கட்டும்.”

“சீசன்ல எவன் கெடைப்பான்? பதினாலு பேரு பொறுப்பு எனக்கு. பதினெட்டு வருசமும் நானே ஓட்டிட்டுப் போயி கன்னு வைக்கணும்னு நெனச்சது. இந்த ஒரு தடவ. மெதுவாப் போயிருவேன். ஆரியங்காவு வளைவு அம்புட்டும் எனக்கு மனப்பாடம்.”

“வளைவு மனப்பாடம். எதுக்க வாற லாரியும் மனப்பாடமா?”

அவர் முகம் சிவந்தது. வாய் திறந்தது. கழுத்து மாலையைக் கை தொட்டது. “சாமியே சரணம்” என்று முனகி, வந்ததை உள்ளேயே விழுங்கினார்.

“யாருட்டயும் சொல்லிராத” என்றார் பிறகு. மாளிகைப்புறமும் போய்விட்டது, மரியாதையும் போய்விட்டது. பழைய வேல்பாண்டியின் குரலாக இருந்தது. “ஒன்னையக் கெஞ்சிக் கேக்கேன்.”

“மாலை போட்டுருக்கது நீங்க. நான் போடல. நான் கோவப்படலாம், பொய்யும் சொல்லலாம், சொல்லாதன்னதைச் சொல்லவுஞ் செய்யலாம்.”

சொல்லிவிட்டுப் போனை எடுத்துக்கொண்டு மாடிக்கு ஏறினாள்.

சோலைராஜ் மூன்றாவது மணியில் எடுத்தான். ஸ்ரீவில்லிபுத்தூரில் பால்கோவா டப்பாக்களைக் கடை கடையாகக் கொண்டுபோய்ப் போடுகிற சின்ன லோடு வண்டி ஓட்டுகிறான். அவனுக்கு அம்மாவோடு பேச்சு உண்டு. அப்பா வீட்டில் இல்லாத நேரத்தில்.

எல்லாவற்றையும் சொன்னாள். டிஷ்யூ, துண்டு, டாக்டர். அவன் கேட்டுக்கொண்டே இருந்தான்.

“நான் ரெண்டு வருசத்துக்கு முன்னாலயே சொன்னேன்லம்மா.”

“சொன்ன. நாலு பேரு முன்னால வச்சுச் சொன்ன. பக்குவமாச் சொல்லியிருந்தா கேட்டிருப்பாரோ என்னமோ.”

“இப்ப நான் என்ன செய்யணும்ங்கிய?”

“வந்து வண்டிய ஓட்டுலே.”

“அவரு சாவி தருவாரா? அத்தன சாமிக முன்னால நின்னு நான் கேட்டு, அவரு இல்லன்னா? இன்னொரு தடவ என்னால தாங்க முடியாதும்மா. அதுவும் போக, இப்ப நான் வீட்ட விட்டு வாற நெலமையில இல்ல.”

“என்ன நெலம?”

“பொறவு சொல்லுதேன்.” வைத்துவிட்டான்.

கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பதினாலு பேர் பெண்டாட்டி பிள்ளைகள் இன்றைக்கு அவர்களை வழியனுப்ப வருவார்கள். எல்லோரும் அவளுக்குத் தெரிந்த முகங்கள். ஒருவரிடமும் மறைக்கக்கூடாது. சொன்னால் புருஷனின் பதினெட்டு வருஷமும் தெருவில் நிற்கும். அரிசி போடுகிற வரைக்கும் பார்ப்பது, மகன் வராவிட்டால் அங்கேயே எழுந்து நின்று சொல்லிவிடுவது என்று முடிவு செய்தாள். முடிவு செய்ததும் அழுகை வந்தது. அழுதாள். கண்ணைத் துடைக்க முந்தானையை எடுத்தால் அதிலும் வெள்ளைத் துகள். அந்தப் பச்சைச் சேலையைத்தான் காய்ந்ததும் எடுத்துக் கட்டியிருந்தாள்.

தெருமுனைப் பிள்ளையார் கோவில் மண்டபம் ஆறு மணிக்கே நிறைந்துவிட்டது. சரண கோஷம் காதை அடைத்தது. வருஷா வருஷம் எல்லோருடைய தேங்காயிலும் நெய் ஊற்றுகிறவர் வேல்பாண்டிதான். இந்த வருஷம், “சிவபாண்டி சாமி ஊத்தட்டும், அவரும் பழகணும்ல” என்று ஒதுங்கிக்கொண்டார். எல்லோரும் குருசாமியின் பெருந்தன்மையை மெச்சினார்கள். மாரிக்கனி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பதினாலு இருமுடியும் கட்டியாயிற்று. கடைசியாகக் குருசாமியின் முறை. சம்மணம் போட்டு உட்கார்ந்து, பையின் வாயை இரண்டு கையாலும் விரித்துப் பிடித்தார். வீட்டார் வந்து மூன்று கைப்பிடி அரிசி போட வேண்டும்.

மாரிக்கனி போட்டாள். ஒன்று. இரண்டு. மூன்று.

“வேற யாரும் உண்டா வீட்டு ஆளு?” என்றார் சிவபாண்டி சாமி, வழக்கமாகக் கேட்பது போல.

இனித் தாமதிக்கக் கூடாது. மாரிக்கனி எல்லோரையும் பார்த்துத் திரும்பினாள். வாயைத் திறந்தாள்.

அவளுக்குப் பின்னாலிருந்து ஒரு கை நீண்டது. லோடு இறக்கி இறக்கிக் காய்த்துப்போன கை. அரிசியை அள்ளியது.

வேல்பாண்டி நிமிர்ந்து பார்த்தார். குத்துவிளக்கு எரிகிறது, ஒரு முழத் தூரத்தில் முகம் இருக்கிறது. நேருக்கு நேர் பார்த்தார்.

“சாமி யாரு?” என்றார், வந்தவருக்கெல்லாம் கொடுக்கும் அதே பணிவான குரலில்.

சோலைராஜின் முகத்தில் இருந்ததெல்லாம் இறங்கிப் போவதை மாரிக்கனி பார்த்தாள். பஸ்ஸில் வரும்போது அவன் மனசுக்குள் என்னென்னவோ சொல்லிப் பார்த்திருப்பான். ரோஷத்தோடு சில, நியாயத்தோடு சில. ஒன்றும் வரவில்லை. மூன்று பிடி அரிசியைப் போட்டான். பிறகு குனிந்து, அப்பாவின் முழங்காலருகே வேட்டியில் ஒட்டியிருந்த ஒரு வெள்ளைத் துணுக்கைப் பிடுங்கினான். இன்னொன்றைப் பிடுங்கினான்.

“வேட்டியெல்லாம் வெள்ளையா ஒட்டியிருக்குப்பா” என்றான்.

குரல் கேட்டதும் வேல்பாண்டி அசையாமல் போனார். பையின் வாய் கையிலிருந்து நழுவியது, மாரிக்கனி பிடித்துக்கொண்டாள். அவர் கை மகன் தோளைத் தேடி, கழுத்துக்கு வந்து, நெஞ்சில் தடவியது. வெறும் சட்டைப் பொத்தான்தான் இருந்தது. பத்து வயதிலிருந்து பதினைந்து வருஷம் இவருடனேயே மலைக்கு வந்தவன். சண்டை போட்டுப் பிரிந்த பிறகும், ஸ்ரீவில்லிபுத்தூரில் வேறு குருசாமியிடம் போன வருஷம்கூட மாலை போட்டான் என்று காதில் விழுந்திருந்தது.

“மாலை போடலையா?”

“இந்த வருசம் போடக்கூடாதுப்பா.”

கறுப்புத் துணி கட்டியவர்கள் நிறைந்த அந்த மண்டபத்தில் அதற்கு விளக்கம் தேவையில்லை. பெண்டாட்டி வயிற்றில் பிள்ளையோடு இருக்கும்போது புருஷன் மாலை போட மாட்டான், மலை ஏற மாட்டான். சரணம் சொல்லிக்கொண்டிருந்த இரண்டு பேர் பாதியில் நிறுத்தினார்கள். மாரிக்கனி மகனைப் பார்த்தாள். பொறவு சொல்லுதேன் என்றது இதைத்தானா?

“எத்தன மாசம்?” என்றார் வேல்பாண்டி.

“ஏழு.”

“அப்ப நீ படி ஏறக்கூடாது.”

“ஏற மாட்டேன். பம்பைக்கு அங்கிட்டு வர மாட்டேன். கொண்டுபோயி விட்டுட்டு, நீங்க எல்லாரும் எறங்கி வாற வரைக்கும் வண்டியிலயே கெடப்பேன்.”

வேல்பாண்டி எழுந்தார். எழுந்ததும் கூட்டம் அமைதியானது. குருசாமி ஏதோ சொல்லப் போகிறார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். வேட்டி மடிப்பில் கையை விட்டு வேன் சாவியை எடுத்தார். சாவி இரண்டு மூன்று தடவை உள்ளங்கையில் புரண்டது. அதைப் பார்த்த மாரிக்கனிக்கு, இந்த மனுஷனை இழுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விடலாம், யாரும் எதுவும் கேட்க வேண்டாம் என்று இருந்தது.

“சாமிமாரே, எனக்குக் கண்ணு தெரியல” என்றார்.

அவ்வளவு பேர் இருந்தும் கற்பூரம் படபடக்கிற சத்தம் கேட்டது.

“ரெண்டு வருசமாவே சரியில்ல. இவன் அன்னிக்கே சொன்னான். நான்தான் கேக்கல. இந்தத் தடவ வண்டிய இவன் ஓட்டுவான். நான் பின் சீட்டுல வாரேன்.”

சோலைராஜ் அப்பா காலில் விழுந்தான். சாமி காலில் யாரும் விழலாம், அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. எழுந்தபோது சாவி அவன் கையில் இருந்தது. யார் எப்போது கொடுத்தார்கள் என்று மாரிக்கனி பார்க்கவில்லை. அவள் கண்ணில் நீர் நிறைந்து, அவளுக்கும் அப்போது ஒன்றும் தெரியவில்லை.

எட்டு மணிக்கு வேன் புறப்பட்டது. தென்னங்கன்று முன்கண்ணாடிக்குப் பின்னால் நின்றது. சோலைராஜ் டிரைவர் சீட்டிலிருந்து எட்டி, “அம்மா, மாரிச்செல்வி தனியா இருக்கா” என்றான். “அவ அம்மா நாளைக்குத்தான் வாராக. நான் வாரதே அவளுக்குப் பிடிக்கல. ஒங்க அப்பா சாவி தர மாட்டாரு, அவமானப்பட்டுத்தான் வருவீகன்னா.”

மாரிக்கனி பின் ஜன்னலைப் பார்த்தாள். அந்த வாசலை மிதிக்கக்கூடாது என்று சொன்னவர் பின் சீட்டில் உட்கார்ந்திருக்கிறார். கல்யாணத்துக்குப் பிறகு மருமகளிடம் அவள் நாலு வார்த்தை நல்லபடியாகப் பேசியதும் இல்லை. இரண்டு வருஷம். ஏழு மாதத்தைக்கூடச் சொல்லாமல் வைத்திருக்கிறாள் என்றால், அந்தப் பெண் மனசில் எவ்வளவு இருக்கும்?

பின் ஜன்னல் கண்ணாடி நகர்ந்தது. வேல்பாண்டியின் முகம் அவள் நின்ற திசைக்குக் கொஞ்சம் தள்ளித் திரும்பியிருந்தது.

“மாளிகைப்புறம்.”

“சொல்லுங்க சாமி.”

“ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பஸ்ஸு இருக்கான்னு பாருங்க.”

வேன் போய்விட்டது.

பஸ் இருந்தது. பத்து நிமிஷத்துக்கு ஒன்று இருக்கும். அது அவருக்கும் தெரியும். ஜன்னலோரம் இடம் கிடைத்தது. சூப்பர்வைசருக்குப் போன் போட்டு, நாளைக்கு லீவு என்றாள். காரணம் கேட்டார். “மருமக மாசமா இருக்கா” என்றாள். சொன்ன பிறகுதான், அந்த வார்த்தையைத் தன் வாயால் முதல் முதலில் மில் சூப்பர்வைசரிடம் சொல்லியிருக்கிறோம் என்று உறைத்தது.

கால் விண்விண்ணென்று தெறித்தது. தூங்கினால் இறங்குமிடம் போய்விடும். சேலையைக் குனிந்து பார்த்தாள். மடியெல்லாம் வெள்ளைத் துகள். முதல் தடவையாக மருமகள் வீட்டு வாசலுக்குப் போகிறாள், அதுவும் ராத்தங்க. கையில் ஒரு பழம்கூட வாங்கவில்லை. ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் பிடுங்கி ஜன்னலுக்கு வெளியே விட்டாள்.

செண்பகத்தோப்பு ரோட்டில் மூன்றாவது சந்து, நீலக் கதவு என்று சொல்லியிருந்தான். கதவு இருந்தது. உள்ளே லைட் எரிந்தது. மாரிக்கனி தட்டினாள்.

“யாரு?” என்றது உள்ளேயிருந்து ஒரு குரல்.

காலையிலிருந்து எத்தனையோ பேருக்குப் பதில் சொல்லியாயிற்று. இதற்கு அத்தை என்று சொல்வதா, சோலைராஜ் அம்மா என்று சொல்வதா என்று தெரியாமல் அவள் நின்றுகொண்டிருந்தாள்.